துக்க வீட்டு வேட்பாளர்

இளம் அரசியல்வாதி என்றொரு ஜீவராசி உண்டு. எங்கள் அயர்லாந்தின் மேற்குப் பக்கத்தில் மழைக்கு அடுத்தபடியாக அதிகம் விளைவது அதுதான். வயது இருபத்தைந்துக்கு மேல், முப்பதுக்குள். நடை மட்டும் அறுபது. நல்ல கோட்டு ஒன்று, அதன்மேல் மழைக்கோட்டு ஒன்று, முகத்தில் சிரிப்பும் இல்லாத துக்கமும் இல்லாத நடுவாந்தரமான ஒரு பாவனை. அப்போதுதானே எந்தப் பக்கம் வேண்டுமானாலும் சட்டென்று மாற்றிக்கொள்ள முடியும்?

எங்கள் பாலிட்ரீன் ஊருக்கு வாய்த்தவன் பெயர் கோர்மக் ஹானிஃபி. துக்க வீடுகளுக்கு சாண்ட்விச் செய்து கொடுப்பது என் பிழைப்பு. அதனால் இந்த ஊரில் அவனை என்னைவிட அதிகமாகப் பார்த்தவர் பாதிரியார் ஒருவர்தான்.

ஏழு வயதில், முதல் நற்கருணை வாங்கிய அன்று, மற்ற பிள்ளைகள் எல்லாம் ஐஸ்கிரீமுக்கு ஓட, இவன் மட்டும் சர்ச் வாசலில் நின்று, வெளியே வந்த அத்தனை பேருக்கும் கைகொடுத்து, "வந்ததுக்கு ரொம்ப நன்றி" என்றான். பத்து வயதில் பள்ளிக் கழிப்பறையின் உடைந்த தாழ்ப்பாளைப் பற்றித் தலைமையாசிரியைக்கு மனுக் கொடுத்தான். புதுத் தாழ்ப்பாள் வந்தது. அதை விரலால் சுட்டிக்காட்டியபடி நின்று படம் எடுத்துக்கொண்டான். அன்று நீட்டிய விரலை இன்றுவரை மடக்கவில்லை. சாலையில் பள்ளம் கண்டால் பள்ளத்தைக் காட்டுவான். பள்ளம் மூடப்பட்டால் மூடிய இடத்தைக் காட்டுவான். போன கோடையில் ஒன்பது நாள் மழை பெய்யாமல் இருந்ததற்கு, "இது குறித்து உரியவர்களிடம் நான் ஏற்கெனவே பேசியிருந்தேன்" என்று துண்டறிக்கை அச்சடித்து வீடு வீடாகப் போட்டான்.

ஆனால் எங்கள் ஊரில் பள்ளத்தை வைத்து ஜெயித்தவர் யாரும் இல்லை. சாவை வைத்துத்தான் ஜெயிக்க வேண்டும். காலை ஒன்பது மணிக்கு உள்ளூர் ரேடியோவில் மரண அறிவிப்பு வாசிப்பார்கள். மற்றவர்கள் போனது யார் என்று கேட்பார்கள். கோர்மக் எத்தனை மணிக்கு என்று கேட்பான். சவப்பெட்டிக்குப் பக்கத்தில் குடும்பத்தார் வரிசையாக நாற்காலிகளில் உட்கார்ந்திருக்க, ஊரார் இன்னொரு வரிசையாக வந்து ஒவ்வொருவருக்கும் கைகொடுத்து நகர வேண்டும். கோர்மக் வலக் கையால் கையைப் பிடிப்பான், இடக் கையால் முழங்கையைத் தாங்குவான். "உங்க துக்கத்துல நானும் பங்கெடுத்துக்கறேன், அவர் மாதிரி இன்னொருத்தர் வர மாட்டார்" என்பான். நாய் செத்த வீட்டுக்கும் ஒரு முறை போனான். அந்த வீட்டில் நாலு வோட்டு.

இத்தனை சாவுக்கும் அவனைக் காரில் கூட்டிப்போனவர் தாய்மாமன் பாட்சி. கல்யாணம் செய்துகொள்ளாமல், கணவனை இழந்த அக்கா, அதாவது கோர்மக்கின் அம்மா, அசம்ப்டாவின் வீட்டோடு இருந்தவர். கல்லறைத் தோட்ட வாசலில் காரை வெளிப்பக்கம் பார்த்துத் திருப்பி நிறுத்தி, எஞ்சினை அணைக்காமல் காத்திருப்பார். "நீயும் உள்ள வாயேன் மாமா" என்று ஒரு நாளும் இவன் கூப்பிட்டதில்லை. பாட்சிக்கும் வோட்டு இருந்தது. ஆனால் அது எப்படியும் விழுகிற வோட்டு. எப்படியும் விழுகிற வோட்டுக்கு யாராவது கைகொடுப்பார்களா?

கோர்மக் நின்ற கவுன்சில் தேர்தலுக்குப் பதினோரு நாள் இருக்கும்போது பாட்சி இறந்துபோனார். கடைசி இரண்டு வாரம் படுக்கை. அக்காவும் பக்கத்து வீட்டு ப்ரீட் கஃப்னியும்தான் மாறி மாறி உட்கார்ந்திருந்தார்கள். ப்ரீட் மாட்டு டாக்டர். அதே தேர்தலில் தானும் நிற்கிறோம் என்பது பாவம் அவளுக்கே அடிக்கடி மறந்துவிடும். கோர்மக் வேறு கார் பிடித்து மற்றவர்கள் சாவுக்குப் போய்க்கொண்டிருந்தான்.

மாமனைக் கிடத்தியிருந்த அன்றும் அவனுக்கு வேறு இரண்டு சாவு. முடித்துக்கொண்டு ஆறு மணிக்கு வந்தான். அம்மாவுக்குப் பக்கத்தில் அவனுக்கென்று ஒரு நாற்காலி காலியாக இருந்தது. அவனோ வாசல்வரை நீண்டிருந்த ஊர் வரிசையைப் பார்த்தான். கால்கள் தாமாகவே போய் அதன் கடைசியில் நின்றுகொண்டன. முக்கால் மணி நேரம் நின்றான். முன்னால் நின்றவரிடம் தெருவிளக்கைப் பற்றிப் பேச்சு, பின்னால் நின்றவரிடம் சாக்கடையைப் பற்றி. எல்லோரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்கள். நானும்தான், சாண்ட்விச் தட்டோடு நின்று வேடிக்கை பார்த்தேன். ஒருவழியாக அம்மாவுக்கு எதிரே வந்து சேர்ந்தான். வலக் கை. இடக் கை.

"உங்க துக்கத்துல நானும் பங்கெடுத்துக்கறேன். அவர் மாதிரி இன்னொருத்தர் வர மாட்டார்."

அசம்ப்டா நிமிர்ந்து பார்த்தாள். "உங்களுக்கு அவரைப் பழக்கமோ?"

"நல்லாத் தெரியும். அருமையான மனுஷர்."

"தெரியாம என்ன? நீ போட்டிருக்கறது அவன் சட்டைதானேடா."

கோர்மக் குனிந்து சட்டையைப் பார்த்தான். முகம் வெளுத்தது. ஆனால் பின்னாலிருந்து வரிசை நெருக்கியது. வரிசையில் வந்தவன் நகர்ந்துதானே ஆக வேண்டும்? தன்னுடைய காலி நாற்காலிக்கும் கைகொடுக்கப்போய், சுதாரித்துக்கொண்டு, வெளியே போய்விட்டான்.

இதோடு ஆள் ஒழிந்தான் என்றுதானே நினைக்கிறீர்கள்? எங்கள் ஊரை உங்களுக்குத் தெரியாது. மறுநாள் கறிக்கடையில் இதுதான் பேச்சு.

"பார்த்தியா, சொந்தத் தாய்மாமன் சாவுலயும் நம்மளோட நம்மளா வரிசையில நின்னான். கொஞ்சமாவது பந்தா இருக்கா அவன்கிட்ட?"

"வேற எவனாவதா இருந்தா நேரா உள்ள போய் உட்கார்ந்திருப்பான்."

எங்கள் வோட்டுச் சீட்டில் ஒருவருக்கு மட்டும் குறி போடுவதில்லை. பிடித்த வரிசைப்படி ஒன்று, இரண்டு, மூன்று என்று எண் போடுவோம். முதல் எண் வாங்கியவர் தேறாமல் விலக்கப்பட்டால், அந்தச் சீட்டு இரண்டாம் எண்காரருக்குப் போகும். எங்கள் தொகுதிக்குக் கவுன்சிலில் பல இடங்கள் என்பதால் எண்ணிக்கை இரண்டு நாள் இழுத்தது. ப்ரீட் விலக்கப்பட்டாள், அவளுடைய சீட்டுகள் பிரிந்தன, மிச்சமிருந்த கடைசி இடத்தை ஒரே ஒரு வோட்டில் கோர்மக் பிடித்தான். அந்த ஒரு வோட்டு தன்னுடையதுதான் என்று இதுவரை இருநூற்றுப் பதினெட்டு பேர் அவனிடம் தனித்தனியாகச் சொல்லியிருக்கிறார்கள். என்னையும் சேர்த்து.

வெற்றி விருந்துக்கும் சாண்ட்விச் என்னுடையதுதான். ஆகையால் அசம்ப்டாவின் சமையலறையில் நடந்ததைக் காதாரக் கேட்டேன்.

"அம்மா, ஒண்ணாம் எண் எனக்குத்தானே போட்ட?"

"இல்ல. ப்ரீடுக்கு. உன் மாமன் போறப்ப அவன் கையைப் பிடிச்சிட்டு இருந்தவ அவதான்."

"அப்ப நான்?"

"உனக்கு ரெண்டு. ரெண்டாவதா இருக்கறது எப்படி இருக்கும்னு உனக்கும் தெரியட்டும்னு போட்டேன். எனக்கும் பாட்சிக்கும் அது பழகிப்போச்சு."

சொல்லும்போதே அவள் குரல் உடைந்துவிட்டது. வெண்ணெய் தடவிக்கொண்டிருந்த என் கை நின்றுவிட்டது. பையன் இப்போதாவது அழுவான், அம்மாவைக் கட்டிக்கொள்வான் என்று காத்திருந்தேன். கண் கலங்கத்தான் செய்தது, பொய் சொல்லக் கூடாது. பிறகு கோட்டுப் பையிலிருந்து வாக்காளர் பட்டியலை எடுத்தான். தன் வீட்டு விலாசத்தைத் தேடிப்பிடித்து, அம்மாவின் பெயருக்கு எதிரே, "இரண்டாம் எண் உறுதி, அடுத்த முறை நேரில் போய்ப் பார்க்க வேண்டும்" என்று எழுதிக்கொண்டான்.

"நீங்க சொன்னதைக் கவனத்துல எடுத்துக்கறேன்மா," என்றான்.

சிரிக்கிறீர்கள். நன்றாகச் சிரியுங்கள், நீங்கள்தான் எந்தத் தேர்தலிலும் நிற்கவில்லையே. ஆனால் நீங்கள் கடைசியாகப் போய்வந்த துக்க வீட்டை ஒரு நிமிஷம் நினைத்துப் பாருங்கள். உங்களுக்கு ஞாபகம் இருப்பது இறந்தவரின் முகமா, நீங்கள் வந்ததைப் பார்த்தவர்களின் முகமா?