டங்கு சார் எழுதிய காரணங்கள்

விருத்தாசலத்துப் பீங்கான் கம்பெனிகளில் எத்தனையோ பேரோடு வேலை பார்த்துவிட்டேன். கம்ப்யூட்டரிடம் பொய் சொல்லக் கூச்சப்பட்ட மனிதர் டங்கு சார் ஒருவர்தான்.

டெஸ்பாட்ச் பிரிவில் அவருக்கு வலப்பக்கம் என் நாற்காலி. பெட்டியில் போகும் கப்புகளை விரலால் சுண்டிக் காதில் வைத்துக் கேட்பார். 'டங்' என்றால் நல்லது, 'டொக்' என்றால் கீறல். பெயர் வந்தது அப்படித்தான்.

போன வருடம் சென்னைத் தலைமை அலுவலகம் எங்கள் கம்ப்யூட்டர்களில் ஒரு சாஃப்ட்வேர் போட்டது. ஐந்து நிமிடம் மவுஸ் அசையாவிட்டால், "வேலை நின்றதற்குக் காரணம்?" என்று திரையில் கேட்கும்; ரிப்போர்ட்டில் அந்த நேரம் பச்சைக்குப் பதில் சிவப்பாகிவிடும். நாங்கள் எல்லாரும் "மீட்டிங்" என்று அடித்தோம். டங்கு சார் அடித்ததை எட்டிப் பார்த்தேன்.

"பஜ்ஜி சூடாக இருந்தது. ஆறும்வரை காத்திருந்தேன்."

மறுநாள்: "மேனேஜர் சொன்ன பழைய கதையையே திரும்பக் கேட்டேன். பதினாறு நிமிடம்."

"சார், இதையெல்லாம் சென்னையில படிப்பாங்க!"

"படிக்கத்தானே கேக்கறாங்க?"

அந்தச் சமயத்தில் என் மனைவி ஸ்கூட்டியிலிருந்து விழுந்து, கால் ஒடிந்து, அப்போதுதான் மாவுக்கட்டுப் பிரித்திருந்தாள். தினமும் மூன்று மணிக்கு நடைப்பயிற்சிக்கு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போகவேண்டும். மேனேஜர் அனுமதி தரவில்லை. இன்னொரு நாள் சிவப்பு விழுந்தால் வேலை இல்லை என்றும் சொல்லிவிட்டார். ஆனால் அவர் நாற்காலியைப் பார்ப்பதில்லை, ரிப்போர்ட்டைத்தான் பார்ப்பார். வேறு வழியில்லாமல் 3.05க்கு நழுவி, அவளை அவசரப்படுத்தி நடக்கவைத்து, 3.50க்குத் திரும்பினேன். இப்படி ஒன்பது நாள். ஏனோ என் திரை ஒருமுறைகூடக் காரணம் கேட்கவில்லை.

மாதக் கடைசியில் மேனேஜர் ரிப்போர்ட்டைச் சத்தமாகப் படித்தார். ஒன்பது நாளும் அந்த நேரத்தில் எனக்குப் பச்சை! டங்கு சாருக்குச் சிவப்பு. காரணம்: "பக்கத்து சீட்டு மவுஸை ஆட்டிக்கொண்டிருந்தேன்."

மேனேஜர் டங்கு சார் பக்கம் திரும்பினார்.

"எந்தப் பக்கம்யா? இடதா, வலதா?"

"கம்ப்யூட்டர் அதைக் கேக்கலைங்களே."

"இப்ப நான் கேக்கறேன்!"

"பொய் சொல்ல மாட்டேங்க. ஆளையும் சொல்ல மாட்டேங்க."

நான் வாயைத் திறந்தேன். டங்கு சார் என் காலை நறுக்கென்று மிதித்தார்.

அன்றே அவருடைய கம்ப்யூட்டரைப் பிடுங்கிக்கொண்டு, குடோனுக்கு மாற்றிவிட்டார்கள்.

மறுநாள் மூன்று மணிக்கு எழுவதா வேண்டாமா என்று தவித்துக்கொண்டிருந்தேன். தலையெல்லாம் வைக்கோல் தூசியாக வந்து, என் மவுஸைப் பிடித்துக்கொண்டார் டங்கு சார்.

"இப்ப என்னை யாரும் காரணம் கேக்கறதில்லைங்க, நிம்மதியா இருக்குது. நீங்க போயிட்டு வாங்க. வூட்டுல அவங்களுக்குக் கால் வலிக்கும். அவசரப்படுத்தாதீங்க."

பத்தாம் நாளான அன்றுதான், மனைவியை அவள் நடக்கிற வேகத்தில் நடக்கவிட்டேன்.