கெவுளி சொன்ன மாப்பிள்ளை

என் கல்யாணத்துக்காக நான் ஒரு பொய்யும் சொன்னதில்லை. சொன்னதெல்லாம் என் பேண்ட் பாக்கெட்டில் இருந்த வாத்து.

தொண்ணூறுகளில் பம்ப் கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். மாமா பையன் சிங்கப்பூரிலிருந்து கையடக்க வீடியோ கேம் ஒன்று கொண்டுவந்து கொடுத்தான். காந்திபுரத்துக் கடை ஒன்றில், யாரும் சீண்டாத ஜப்பான் கேசட் கிடைத்தது. ஒரு வாத்து ஊர் ஊராகத் தபால் கொடுக்கும் விளையாட்டு. அந்தக் கேசட் என் பெட்டியில் ஓடாது. விடுவேனா? பெட்டியைப் பிரித்து, இரண்டு ஒயரை வெட்டி, நான்கை ஒட்டி ஓடவைத்துவிட்டேன். (வெட்டியதில் ஒன்று சத்தத்தைக் குறைக்கிற ஒயர்.) ஆட்டத்தைப் பாதியில் நிறுத்திவைத்தால் வாத்து அவ்வப்போது ‘த்ச்சு த்ச்சு’ என்று அலகை அடிக்கும். பெட்டியை அணைத்தாலோ, முதலிலிருந்து ஆட வேண்டும்.

ஏழாவது கட்டம் வந்திருந்தபோது எனக்குப் பெண் பார்க்கக் கோபி டவுனுக்குப் போனோம். பத்து நாள் உழைப்பு. அணைக்க மனசு வராமல் அப்படியே பாக்கெட்டில் போட்டுக்கொண்டேன்.

பெண்ணின் பெரியப்பா, கெவுளி சொல்லாமல் செருப்புகூட மாட்டாதவர். (பல்லிக்கு எங்கள் பக்கத்துப் பெயர் அது.)

“பையன் வேலைல கெட்டிங்க” என்றார் அப்பா.

த்ச்சு த்ச்சு.

பெரியப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார். “கெவுளி சொல்லுதுங்க.”

“கெட்ட பழக்கம் ஒண்ணும் இல்லீங்க.”

த்ச்சு த்ச்சு.

“மறுக்காவும் சொல்லிப்போடுச்சு. இனி என்னத்தைப் பேசறதுங்க? வெத்தலைத் தட்டை எடுத்துட்டு வாங்க.”

அந்த நேரம் பார்த்து கல்யாணப்பெண் சுமதி காப்பி கொண்டுவந்தாள். எடுக்கக் குனிந்தேன். தொடையில் பட்டன் அழுந்தி ஆட்டம் ஓட ஆரம்பித்தது. வாத்து ஆற்றில் விழுந்து, சோக இசை புறப்பட்டது.

“ஏனுங்க, கெவுளி பாட்டுப் படிக்குது?” என்றார் பெரியப்பா.

“பெரீப்பா, கெவுளி அவிங்க சோப்புக்குள்ள இருக்குதுங்க” என்றாள் சுமதி, என் பாக்கெட்டைப் பார்த்து. (சோப்பு என்றால் பாக்கெட்.)

எடுத்துக் காட்டினேன். என் கண் கலங்கிவிட்டது. (வாத்துக்காகத்தான்.) அப்பா தலையைக் குனிந்துகொண்டார். பெரியப்பா வெற்றிலைத் தட்டை உள்ளே எடுத்துப்போகச் சொன்னார். சுமதி சிரிப்பை அடக்கிக்கொண்டு நின்ற அழகில் நான் ஏற்கெனவே விழுந்திருந்தேன். ஆனால் சம்பந்தம் கைவிட்டுப் போய்விட்டது.

“இனி என்னங்க பண்ணுவீங்க?” என்று கேட்டாள், பெட்டியைக் காட்டி.

“மறுக்கா மொதல்ல இருந்துதானுங்க ஆரம்பிக்கோணும்.”

“அப்ப ஆரம்பிங்க. பெரீப்பா, அவிங்க பேட்டரியக் கழட்டட்டுங்க. பேச்சையும் மொதல்ல இருந்தே பேசலாம்.”

நான்கு பேட்டரிகளையும் மிக்சர் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். அப்பா தொண்டையைச் செருமினார். “கெட்ட பழக்கம்...” எல்லோரும் விட்டத்தைப் பார்த்தார்கள். சத்தமில்லை. “ஒண்ணே ஒண்ணு இருக்குதுங்க” என்று முடித்தார்.

பெரியப்பாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. தட்டு திரும்பி வந்தது.

இன்றும் நான் போனில் “பத்து நிமிஷத்துல வந்துருவேன்” என்றால், அந்தப் பக்கம் சுமதி நாக்கால் ‘த்ச்சு த்ச்சு’ என்கிறாள். இப்போது மகளும் சேர்ந்துகொண்டாள். இந்த இரண்டு கெவுளிகளுக்கும் பேட்டரியைக் கழற்ற வழியில்லை.