தெய்வசிகாமணி கட்டிய இரண்டாவது அடுப்பு

அரிசிப் பெட்டிக்குப் பூட்டுப் போட்டு, சாவியை அரைஞாண் கயிற்றில் முடிந்துகொண்டு குடித்தனம் நடத்துகிற மனிதரை நீங்கள் பார்த்ததுண்டா? முதலியார்பேட்டையில் ஒருத்தர் இருந்தார். பேர் தெய்வசிகாமணி. மில்லில் டைம் ஆபீஸ் குமாஸ்தா. எவன் எத்தனை நிமிஷம் லேட் என்று ஆபீசில் குறித்துக் குறித்து, வீட்டிலும் எதையாவது அளந்துகொண்டே இருக்கிற வியாதி அவருக்கு முற்றிவிட்டது. விடிந்ததும் முதல் வேலை பெட்டியைத் திறப்பது. அரைப்படி நிறைய அரிசியை அள்ளுவார். குமிந்து நிற்பதை ஒற்றை விரலால் வழித்துப் பெட்டிக்குள்ளேயே தள்ளுவார். அப்படித் தலை தட்டிய பிறகுதான் பெண்டாட்டி செல்வாம்பாள் ஏந்தி நிற்கும் முறத்தில் கொட்டுவார். ஒரே மகளைத் தவளக்குப்பத்தில் கட்டிக் கொடுத்தாயிற்று. வீட்டில் இருப்பது இரண்டே பேர். இதற்கு எதற்கய்யா பூட்டும் சாவியும் என்று கேட்டால், "கணக்கு கணக்கா இருக்கணும்" என்பார்.

செல்வாம்பாள் கல்யாணமான புதிதில் இதற்காக அழுதாள். அப்புறம் சண்டை போட்டாள். அப்புறம் இரண்டையும் விட்டுவிட்டாள். இருபது வருஷத்துக்கு மேலாக முறத்தை ஏந்திக்கொண்டு, வழிக்கிற அந்த விரலையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள். அவள் முகத்தை இவர் ஒரு நாளாவது நிமிர்ந்து பார்த்திருந்தால் இந்தக் கதைக்கே வேலை இருந்திருக்காது.

பிரெஞ்சுக்காரன் போய் நாலைந்து வருஷம் ஆகியிருந்த சமயம் அது. அரிசி விலை கன்னாபின்னாவென்று ஏறியது. மாதம் நூறு ரூபாய்க்குக் கீழே வருமானம் உள்ள குடும்பத்துக்கு மலிவு விலையில் அரிசி, அதற்கு ஒரு கார்டு என்று சர்க்கார் அறிவித்தது. தெய்வசிகாமணிக்குச் சம்பளம் நூற்றுப் பன்னிரண்டு. இரண்டு வருஷம் மேனேஜர் காலைச் சுற்றிச் சுற்றி வந்து வாங்கிய இங்கிரிமெண்டு பதினைந்து ரூபாய். அந்த இங்கிரிமெண்டை இப்போது அவர் திட்டாத நாள் இல்லை.

இது போதாதென்று பக்கத்து வீட்டு சைக்கிள் கடை கண்ணையனுக்குக் கார்டு கிடைத்துவிட்டது. சனிக்கிழமை தோறும் அரிசிப் பையை கேரியரில் வைத்துக்கொண்டு வருவான். தெய்வசிகாமணி வீட்டெதிரே வந்ததும் மணியை இரண்டு தரம் அடிப்பான். தெருவில் ஆடு மாடு எதுவும் இருக்காது. வேண்டுமென்றேதான் அடிக்கிறான் என்று இவருக்கு வயிறு எரியும்.

பொறுக்க மாட்டாமல் ஒரு நாள் மேரிக்கே போனார். நகராட்சிக் கட்டடத்துக்கு ஊரில் இன்றைக்கும் அதுதான் பேர். அங்கே சுவரில் விதிகளை ஒட்டியிருந்தார்கள். மூக்குக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் படித்தார். "ஒரே அடுப்பில் சமைத்து உண்போர் ஒரு குடும்பம்" என்ற வரி வந்ததும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. அடுப்பு இரண்டானால் குடும்பமும் இரண்டு. ஒரு குடும்பத்துக்கு நூற்றுப் பன்னிரண்டு வருமானம். செல்வாம்பாள் குடும்பத்துக்கு ஒரு சல்லியும் கிடையாது. ஊரிலேயே அவளை விட ஏழை யார்? அன்றைக்கு மேரியிலிருந்து முதலியார்பேட்டை வரை அவர் நடந்து வரவில்லை, மிதந்து வந்தார்.

செல்வாம்பாளிடம் சொன்னார். அவள் வாய்க்கு வந்தபடி பேசுவாள் என்று எதிர்பார்த்து, நாலு பதில் தயாராக வைத்திருந்தார். அவளோ வெண்டைக்காய் நறுக்குவதைக்கூட நிறுத்தவில்லை.

"ஆபீசர் வந்து ஏன் தனியாப் பொங்கறன்னு கேட்டா என்னாங்க சொல்றது?"

"ஒத்து வரலன்னு சொல்லு. எம்மேல ரெண்டு குறை சொல்லி வையேன்."

"ரெண்டு போதுங்களா?" என்றாள் செல்வாம்பாள்.

இவர் சிரித்தார். சிரிக்கிற இடமா அது? மனுஷனுக்கு அப்போதாவது உறைத்திருக்க வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மண்ணைக் குழைத்துச் செங்கல் அடுக்கிப் பின்கட்டுத் தாழ்வாரத்தில் அவரே ஓர் அடுப்புக் கட்டினார். அதை அவளுக்கென்றுதான் கட்டினார். பெண்பிள்ளையை வெளியே தள்ளிவிட்டு ஆம்பிளை சமையல்கட்டை வைத்துக்கொண்டால் ஆபீசர் சந்தேகப்படுவாரே என்று அவள் சொன்னாள். அதுவும் சரிதான் என்று சமையல்கட்டை அவளுக்கு விட்டார். சமையல்கட்டு போனால் பாத்திரமும் கூடத்தானே போகும்? இவர் பங்குக்கு ஒரு நசுங்கிய குண்டானும் காம்பு ஆடுகிற கரண்டியும் வந்தன. அரிசிப் பெட்டி மட்டும் என்னுடையது என்று இடுப்புச் சாவியைத் தட்டிக் காட்டினார். தாராளமா வச்சிக்குங்க என்றாள் அவள்.

செல்வாம்பாள் பேரில் மேரியில் விண்ணப்பம் போட்டார். அடுத்த வாரம் விசாரணைக்கு வந்தவர் தணிகாசலம். பிரெஞ்சுக்காரன் காலத்திலிருந்தே மேரியில் வேலை பார்த்தவர். வெள்ளை டிரில் கோட்டு, கையில் பிரம்பு. எதைச் சொன்னாலும் 'பியேன்' என்பார். அவர்கள் பாஷையில் 'நல்லது' என்று அர்த்தமாம். வீடு பற்றி எரிகிறது என்றாலும் பியேன்தான். ஆனால் கண் கழுகுக் கண். நேரே பின்கட்டுக்குப் போய்ப் புது அடுப்பின் மேல் உள்ளங்கையை வைத்துப் பார்த்தார்.

"இதுல யார் சமைக்கிறது?"

"நான்தாங்க முசே" என்று பிரெஞ்சு மரியாதையோடு சொன்னார் தெய்வசிகாமணி.

"கரியே காணோமே?"

தெய்வசிகாமணி திருதிருவென்று முழித்தார். அடுப்பைக் கட்டத் தெரிந்தவருக்கு அதில் நாலு சுள்ளியைப் போட்டு எரிக்கத் தோன்றவில்லை. நல்ல வேளையாக செல்வாம்பாள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு முன்னால் வந்தாள். அவருக்கு அடுப்பு மூட்டத் தெரியாதுங்க, கடையில தின்னுட்டு வந்துடுவாரு என்று சொல்லி மானத்தைக் காப்பாற்றினாள். அத்தோடு நிறுத்தினாளா? நிறுத்தவில்லை. இரண்டு குறை சொல்லச் சொன்னாரே, அதைத் தொடங்கினாள்.

தீபாவளிக்குத் தீபாவளி சாயம் போகிற சேலையாகப் பார்த்து வாங்குவது ஒன்று. வெல்லத்தைத் தலைமாட்டில் ஒளித்து வைத்துத் தனியாகத் தின்பது இரண்டு. மகள் பிரசவத்துக்கு வந்திருந்தபோதும் அதே அரைப்படிதான் அளந்து போட்டார், பிள்ளை பெற்றவள் கஞ்சி குடித்துக் கிடந்தாள் என்பது மூன்று. அதைச் சொல்லும்போது மட்டும் அவள் ஆபீசரைப் பார்க்கவில்லை, இவரைப் பார்த்தாள். நாலு, ஐந்து என்று அது பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. கண்ணையன் பெண்டாட்டி குஞ்சம்மாள் வேலிப் பக்கம் வந்து நின்றாள். அவளுக்குப் பின்னால் பாதித் தெருவும் வந்து நின்றது. ஒவ்வொன்றுக்கும் தணிகாசலம் இவர் பக்கம் திரும்பி, உண்மைதானா என்று கேட்டார். இல்லை என்றால் கார்டு போச்சு. ஆமாங்க, ஆமாங்க என்று தெய்வசிகாமணி தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார். ஒவ்வோர் ஆமாவுக்கும் ஒரு பியேன் விழுந்தது.

"அரிசிப் பெட்டிக்குப் பூட்டுங்க. சாவிய எங்க வச்சிருக்காருன்னு கேளுங்க" என்றாள் செல்வாம்பாள்.

தணிகாசலம் கேட்டார். தெய்வசிகாமணி பனியனைத் தூக்கி, ஊரே பார்க்க அரைஞாண் கயிற்றைக் காட்டினார். குஞ்சம்மாள் வாயில் துணியை வைத்துப் பொத்திக்கொண்டாள். இதைப் பார்த்தபின் ஆபீசருக்குச் சந்தேகம் அறவே தீர்ந்துவிட்டது. இந்த ஆளோடு எவள் இருப்பாள் என்று அவர் முகத்திலேயே எழுதியிருந்தது.

"ஏம்மா, கார்டு எழுதறேன். ஆனா அரிசி மலிவுதான், சும்மா இல்ல. காசுக்கு எங்க போவ?"

"கட்டினவருதாங்க குடுக்கணும்."

"குடுக்கட்டும். மாசம் எவ்வளவு?"

"நூறுக்குள்ள இருந்தா கார்டு உண்டுங்களா?"

"உண்டு."

"அப்ப தொண்ணூறு போட்டுக்குங்க" என்றாள் செல்வாம்பாள்.

தெய்வசிகாமணி மனக்கணக்கில் நூற்றுப் பன்னிரண்டிலிருந்து தொண்ணூறைக் கழித்துப் பார்த்தார். பிறகு, எல்லாம் பேச்சுக்குத்தானே, பணம் எந்த வீட்டுக்குப் போகிறது, இதே வீட்டில்தானே இருக்கப்போகிறது என்று தேறிக்கொண்டார். தேறியது மட்டுமா, நம்ம வீட்டுக்காரி நாடகத்தில் சேர்ந்திருந்தால் எங்கேயோ போயிருப்பாள் என்று உள்ளுக்குள் மெச்சவும் செய்தார். சம்மதம் என்று கையெழுத்தும் போட்டார். தணிகாசலம் பிரம்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நிபந்தனைகளைச் சொன்னார். ஒண்ணாந்தேதி பணத்தைக் குஞ்சம்மாள் முன்னிலையில் கொடுக்க வேண்டும். இரண்டு அடுப்பும் எரிய வேண்டும். அவர் எந்த நேரமும் வந்து பார்ப்பார். ஓர் அடுப்புக்காரர் மற்ற அடுப்பில் சாப்பிடக் கண்டால் கார்டு ரத்து, பொய் சொன்னதற்கு அபராதம், மில் மேனேஜருக்கு ஒரு கடிதாசி. கடிதாசி என்றதும் தெய்வசிகாமணி நிபந்தனை அத்தனைக்கும் தலையை ஆட்டினார். வேலை போனால் நூற்றுப் பன்னிரண்டு ஏது, தொண்ணூறு ஏது?

ஆபீசர் தெருமுனை திரும்பியதும் தெய்வசிகாமணி சமையல்கட்டுக்குள் நுழைந்தார்.

"பலே செல்வா. சோத்தப் போடு, பசி காதை அடைக்குது."

"உங்க அடுப்பு அங்க இருக்குதுங்க" என்றாள் அவள்.

விளையாட்டு என்றுதான் நினைத்தார். அன்றைக்கு மத்தியானமும் விளையாட்டு, ராத்திரியும் விளையாட்டு. மறுநாள் சுள்ளியை வைத்து ஊதும்போதுதான் விளையாட்டில்லை என்று தெரிந்தது. ஊதி ஊதிக் கண் இரண்டும் மிளகாய்ப் பழமாகிவிட்டது. குண்டானில் அடி தீய்ந்து, நடு வெந்து, மேலே அரிசி அரிசியாகவே இருந்தது. ஒரே பானையில் மூன்று பதமும் எப்படித்தான் வரவழைத்தாரோ. அந்த வாரமே ஒண்ணாந்தேதி வந்து, குஞ்சம்மாள் முன்னிலையில் முதல் தொண்ணூறு கைமாறியது. கடையில் சாப்பிடலாம் என்றால் கையில் மிஞ்சுவது இருபத்திரண்டு ரூபாய். பஸ்ஸுக்கும் புகையிலைக்கும் போக, வாரத்துக்கு இரண்டு இட்லிக்குத்தான் காணும்.

அந்தப் பக்கம் சமையல்கட்டிலோ தினம் ஒரு வாசனை. பிள்ளைச்சாவடியிலிருந்து கூடை கொண்டு வருகிற மீன்காரி, முன்பெல்லாம் இந்த வீட்டைப் பார்த்தாலே எதிர்ச்சாரிக்குப் போய்விடுவாள். இப்போது உட்கார்ந்து வெற்றிலை போட்டுவிட்டுப் போகிறாள். மாங்காய் போட்ட சங்கராக் குழம்பு தாழ்வாரத்தைத் தாண்டி வந்து மூக்கைத் துளைக்கும். அதைக்கூட மனுஷன் பொறுத்துக்கொண்டார். எந்தக் கார்டு அரிசிக்காக இத்தனை பாடும் பட்டாரோ அதை அவள் இட்லி மாவுக்கு ஊறப் போட்டுவிட்டு, சோற்றுக்குக் கடையில் நயம் அரிசி வாங்கினாள். அதைப் பார்த்த அன்றைக்குத் தலையில் அடித்துக்கொண்டார்.

ஒரு வாய் குழம்பாவது கொடு என்று கெஞ்சிப் பார்த்தார். ஆபீசர் வந்துட்டா உங்க வேலைக்கில்லங்க ஆபத்து என்று அவள் கவலையாகச் சொன்னாள். நிஜமான கவலையா என்று அவருக்கு விளங்கவே இல்லை. அடுத்த ஒண்ணாந்தேதியும் வந்தது. குஞ்சம்மாள் சாட்சியாக வந்து நின்றாள். மறுபடியும் தொண்ணூறு ரூபாய் கைமாறியது.

அடுத்த நாளே மேரிக்கு ஓடினார். சமாதானமாகிவிட்டோம், ஒரே அடுப்பாக்கிக் கார்டை ரத்து பண்ணிவிடுங்கள் என்றார். தணிகாசலம் அவரை ஏற இறங்கப் பார்த்தார். ஒரே மாதத்தில் கன்னம் ஒட்டி, வேட்டியில் பொத்தல் பொத்தலாக நெருப்புப் பட்டிருந்தது.

"ஒங்க பொண்சாதி வந்து சொல்லட்டும். அதுவரைக்கும் பாருங்க, இப்ப ஒங்க வருமானம் இருபத்திரண்டுதான். ஒங்களுக்கும் ஒரு கார்டு எழுதட்டுமா?"

கேட்டவர் குரலில் கேலி இல்லை, இரக்கம்தான் இருந்தது. அதுதான் தாங்கவில்லை. விண்ணப்பம் கொடுக்க வரிசையில் நின்ற கிழவி ஒருத்தி, பாவம் இவருக்கு மொதல்ல குடுங்க என்று நகர்ந்து இடம் விட்டாள். ஆளை விட்டால் போதும் என்று வீடு வந்து சேர்ந்தார்.

செல்வாம்பாள் மீன் அலசிக்கொண்டிருந்தாள். எதிரே குந்தி உட்கார்ந்தார். தப்புத்தான், நீ வந்து ஒரு வார்த்தை சொல்லிவிடு என்றார்.

"சொல்றேங்க. தொண்ணூறு மாசாமாசம் எங்கைக்கு வரணும்."

"வரும்."

"அப்புறம் அந்தச் சாவி."

தெய்வசிகாமணி இடுப்பைப் பிடித்துக்கொண்டார். அடுப்பில் குழம்பு கொதிக்கிற சத்தம் கேட்டது. முடிச்சை அவிழ்க்கப் பார்த்தார். இத்தனை வருஷத்து முடிச்சு அசையவில்லை. கடைசியில் செல்வாம்பாள்தான் மீன் நறுக்கிய அரிவாள்மனையிலேயே கயிற்றை அறுத்துச் சாவியை எடுத்துக் கழுவி, தாலிக்கயிற்று ஊக்கில் மாட்டிக்கொண்டாள். மேரிக்குப் போய்க் கார்டைத் திருப்பிக் கொடுத்தார்கள். தணிகாசலம் இரண்டு பேரையும் பார்த்துப் பியேன் என்றார். தாழ்வாரத்து அடுப்பைத் தெய்வசிகாமணியே கடப்பாரையால் இடித்தார். அன்று ராத்திரி குழம்புச் சோற்றை அவர் தின்ற வேகத்தைப் பார்த்துச் செல்வாம்பாளுக்கே பாவமாகிவிட்டது.

மறுநாள் விடிந்ததும் பெட்டி திறக்கிற சத்தம் கேட்டு எழுந்து வந்தார். செல்வாம்பாள் முறத்தை எடுத்து அவர் கையில் கொடுத்தாள். அவரும் ஏந்திக்கொண்டு நின்றார். அரைப்படி நிறைய, குமியக் குமிய அள்ளினாள். இன்றைக்கு ரெண்டு பிடி கூடவே சாப்பிடலாம் என்று அவருக்கு நாக்கில் எச்சில் ஊறியது. அப்போது ஒற்றை விரல் வந்தது. குமிந்து நின்றதை வழித்துப் பெட்டிக்குள் தள்ளியது.

"கொஞ்சம் குமிச்சாப்பல போட்டாத்தான் என்னவாம்?" என்றார் தெய்வசிகாமணி.

செல்வாம்பாள் பெட்டியைப் பூட்டினாள்.

"கைக்கு வர்றது தொண்ணூறுதானுங்களே. கணக்கு கணக்கா இருக்கணும்."