அப்பப்பாவின் சிலையை நிற்பாட்டவும்

லா சப்பல், பாரிஸ்.

பெருமதிப்புக்குரிய அண்ணை அவர்கட்கு,

தம்பி ஞானரட்ணம் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் என் பாரியார் கோசலையும் உடம்பால் சுகம். நீங்களும் அண்ணியும் சுகமாயிருந்தால் இக்கடிதத்தைக் கதிரையில் இருந்துகொண்டு வாசிக்கவும். போனில் சொன்னால் அண்ணி ஸ்பீக்கரில் போட்டுவிடுவா என்ற பயத்தில் எழுதுகிறேன். அடுத்த மாதம் ஊர்ச் சந்தியில் திறக்க இருக்கும் 'நாதஸ்வர மேதை' அப்பப்பாவின் சிலையைத் திறக்காமல் உடனே நிற்பாட்டவும்.

நூறு வருசத்துக்கு முந்தி ஒரு ஜெர்மன்காரர் யாழ்ப்பாணம் வந்து எங்கள் இசையையும் பண்பாட்டையும் படம் எடுத்தார், அதில் அப்பப்பா வாசித்தார் என்று காலங்காலமாகப் பெருமையடித்தோமல்லவா? அந்தப் படம் அகப்பட்டுவிட்டது அண்ணை! பழைய படங்களைப் பாதுகாக்கிற இடத்தில் வேலை செய்யும் ஆன்-சோஃபி, லூயி-பிளாங் தெருவில் என் போன் கடையில் மாட்டியிருக்கும் அப்பப்பாவின் போட்டோவைக் கண்டு அடையாளம் பிடித்து, எங்களைக் கூட்டிக்கொண்டு போய்ப் போட்டுக் காட்டினா. இசைப் படமாம், சத்தமே இல்லை, ஊமைப்படம். அப்பப்பா வந்தார். என்ன மீசை, என்ன நெஞ்சு! எனக்குக் கண் கலங்கிப் போச்சுது. அப்பதான் கோசலை என்ரை தொடையிலை கிள்ளி, "இஞ்சேருங்கோ, மனுசன் விரலையே அசைக்கேல்லை" எண்டா. பாத்தால் உண்மைதான்! கன்னம் மட்டும் அடுப்பூதுற மாதிரி உப்புது, விரல் பத்தும் சும்மா கிடக்குது. அதோடை விட்டுதே? எங்கையோ இருந்து ஒரு வழுக்கைத் தலையர் ஓடிவந்து, நாதஸ்வரத்தைப் பறிச்சு, அப்பப்பாவின்ரை பிடரியிலை ஒண்டு போட்டார். சத்தம் இல்லாட்டியும் வாயசைவு வடிவாய்த் தெரியுது: "மூதேசி, போய்க் குடையைப் பிடியடா!" அப்பப்பா பிடரியைத் தடவிக்கொண்டு போய்ச் சாமிக்குக் குடை பிடிச்சார். ஐயோ அண்ணை, எங்கடை மேதை குடைக்காரன்! ஆள் வடிவெண்டு ஜெர்மன்காரர் வழுக்கையரின்ரை குழலை வாங்கி இவற்றை கையிலை குடுத்திருக்கிறார். உடனே திரையிலை ஜெர்மன் எழுத்து வந்தது. ஆன்-சோஃபி கண்ணைத் துடைச்சுக்கொண்டு வாசிச்சுச் சொன்னா: "குரு சீடனை ஆசீர்வதிக்கிறார்." கோசலை இருமுற மாதிரிச் சிரிச்சா.

மரியாதை போனால் போகட்டும், பொய்க்குச் சிலை வேண்டாம். நல்லூரான் உங்களுக்குத் தேகபலத்தையும் எனக்கு மறதியையும் தந்தருள்வானாக.

இப்படிக்கு,
தம்பி ஞானரட்ணம்

பி.கு.: சிலையைத் திறவுங்கோ. உறையை ஒட்ட முதல் ஆன்-சோஃபி வந்தா. படத்தைப் பெரிய மண்டபத்திலை போடப் போகினமாம், லா சப்பல் சனம் முழுக்க வருமாம், படம் ஓடேக்கை மேதையின்ரை பேரன் மேடையிலை நாதஸ்வரம் வாசிக்க வேணுமாம். வழுக்கையர் வாற இடத்திலை நான் பலத்து ஊதினால் சனம் திரையைப் பாக்காது எண்டு நினைச்சு, ஓம் எண்டு சொல்லிப்போட்டன். ஒரு நாதஸ்வரம் உடனே அனுப்புங்கோ. எந்தப் பக்கத்தாலை ஊதுறதெண்டும் எழுதி விடுங்கோ.