துமான்ஸ்க் நகரின் கடைசிப் பண்ணையடிமை

ரஷ்யப் பேரரசு 1917-இல் முடிந்துபோயிற்று என்று சொல்லித் திரிகிறவர்கள் துமான்ஸ்க் பக்கம் வந்ததில்லை. அங்கே அது சௌக்கியமாக இருந்தது. சனிக்கிழமைதோறும் கலாசார மாளிகையின் மாடியில் தேநீர் குடித்துக்கொண்டு தீர்மானங்கள் நிறைவேற்றிக்கொண்டிருந்தது.

பேரரசை மீட்ட பெருமை பஸ் டிப்போ மேனேஜர் அவெனீர் சவ்விச்சையே சாரும். ஒருநாள் முகச்சவரம் செய்துகொள்ளும்போது கண்ணாடியில் தன் காதுகளைக் கவனித்தார். டிப்போவுக்குச் சம்பந்தமே இல்லாத காதுகள். அரண்மனைச் சித்திரங்களில் இருப்பவை. அன்று மதியத்துக்குள் அவர் இளவரசராகிவிட்டார். ‘பிரபுக்கள் பேரவை’ பிறந்தது. காதைப் பார்த்துப் பட்டம் கொடுக்கும் ‘விஞ்ஞான முறை’ அமலுக்கு வந்தது.

குளிர்காலம் பாதி போவதற்குள் ஊரே உயர்ந்துவிட்டது. இறைச்சிக்கடை கூரி பெத்ரோவிச் பிரபு ஆனார். தெருக் கூட்டுபவரும் பிரபு ஆகி, மண்வாரியைக் கீழே வைத்தார். பனி அதுபாட்டுக்கு விழுந்தது. பிரபுக்கள் அதைக் கம்பீரமாக ஏறிக் கடந்தார்கள்.

மிச்சம் இருந்தவர் ஒருவர்தான்: பல் டாக்டர் சவேலி கோரித்தவ். பேரவைக்கு அழைத்து வம்சத்தை விசாரித்தபோது அவர் யோசிக்காமல் சொன்னார்: “எங்க எள்ளுத்தாத்தா பண்ணையடிமைங்க. பன்னி மேய்ச்சாராம்.”

சபையில் யாரோ சத்தமாக ஏப்பம் விட்டதுபோல் எல்லோரும் முகத்தைச் சுளித்து, அவரை வெளியே அனுப்பினார்கள்.

வீட்டில் மனைவி கப்பித்தோலினா சூப்பைத் தட்டில் ஊற்றவில்லை, எறிந்தாள்.

“எனக்கு எப்பேர்ப்பட்ட காது! சீமாட்டின்னு எழுதிட்டு, உங்களால என் பேரை அடிச்சுட்டாங்க. ஒரு குட்டிப் பிரபுவாப் பொறந்திருந்தா உங்க எள்ளுத்தாத்தாவுக்கு என்ன குறைஞ்சிருக்கும்?”

“அவரை யாரும் கேக்கலையே, கப்பா.”

“நீங்களாவது வாயை மூடிட்டு இருந்திருக்கலாம்ல? ஊர் வாயெல்லாம் திறக்கச் சொல்றது உங்க தொழில். உங்க வாயைத் திறக்கணும்னு என்ன சட்டம்?”

சவேலி சூப்பைக் குடித்தார்.

அடுத்த வாரம் இளவரசர் சவேலியின் பல் மருத்துவமனைக்கே எழுந்தருளினார். நோயாளி நாற்காலியில் உட்காராமல் சுவர்களை உருக்கமாகத் தடவிப் பார்த்தார்.

“சவேலி, இது எங்க பூர்வீக மாளிகைன்னு பேரவை கண்டுபிடிச்சிருக்கு. தலைநகரப் பேரவையிலேர்ந்து ஆர்செனி பிரபு வர்றார். அவர் ‘ம்’ சொன்னா நகரசபை இதை எங்ககிட்ட கொடுத்திடும். நீங்க வசந்தத்துக்குள்ள காலி பண்ணிடுங்க.”

“அப்போ பல்வலிக்கு ஜனங்க எங்க போவாங்க, இளவரசே?”

“பெரிய ஊருக்கு. பஸ் இருக்கே.”

“உங்க டிப்போ பஸ்ஸா? அது போய்ச் சேர்றதுக்குள்ள பல் தானா விழுந்திடுமே.”

இளவரசர் இதை ராஜத்துரோகமாகக் கருதினார். ஆனால் மன்னித்தார். அவருக்குக் காரியம் ஒன்று ஆகவேண்டியிருந்தது.

விருந்தாளியை ரொட்டியும் உப்பும் கொடுத்து வரவேற்பது வழக்கம். தட்டை ஏந்திக் குனிந்து நிற்க ஒரு குடியானவர் வேண்டும். நகரத்தில் குடியானவர் கையிருப்பு இல்லை. பேரவை மூன்று கூட்டம் போட்டது. பிரபு குனிந்தால் பேரரசு குனிந்ததாகும் என்று கடைசியில் முடிவாயிற்று. ஆகவே, எந்தக் காரணத்துக்காகச் சவேலியைத் துரத்தினார்களோ அதே காரணத்துக்காக வருந்தி அழைத்தார்கள்.

சவேலி ஒத்துக்கொண்டார். மாளிகை மேல் அவருக்கு ஆசை ஒன்றும் இல்லை. தட்டு ஏந்தும் சாக்கில் ஆர்செனி பிரபுவிடம் மருத்துவமனைக்காக ஒரு வார்த்தை சொல்லிவிடலாம் என்று கணக்குப் போட்டார். கப்பித்தோலினா வேறு கணக்குப் போட்டு, காது தெரியும்படி கொண்டை போட்டுக்கொண்டாள்.

விழா நாளன்று மூக்கை உறையவைக்கும் குளிர். கம்பளி மேலங்கியில் சவேலி மருத்துவமனை மாளிகைப் படியில் தட்டோடு நின்றார். பக்கத்தில் இளவரசர் ஒத்திகை பார்த்தார்.

“‘எங்க குடும்பம் தலைமுறை தலைமுறையா இளவரசர் குடும்பத்துக்குச் சொந்தம்’னு சொல்லிட்டுக் குனியணும். எங்கே, சொல்லுங்க.”

கூரி பிரபு முன்னால் பாய்ந்தார். “யோவ், அவன் எள்ளுத்தாத்தா உனக்கு எப்படிய்யா சொந்தம்? பன்னி மேய்ச்சான்னு அவனே சொல்றான். பன்னி வச்சிருந்தது எங்க வம்சம்!”

“கசாப்புக் கடை வச்சா பன்னியெல்லாம் உங்களுதா?”

“பஸ் வச்சா ஆளெல்லாம் உன்னுதா?”

“எங்க ஆளை ‘அவன் இவன்’னு பேசாதீங்க!”

“எங்க ஆளை நாங்க எப்படி வேணாலும் பேசுவோம்!”

இருவரும் சவேலியின் ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்தார்கள். வாழ்க்கையில் முதல்முறையாகத் தனக்கு இவ்வளவு கிராக்கி இருப்பதைச் சவேலி உணர்ந்தார். தட்டைக் கவிழ்க்காமல் இருப்பதே பெரும்பாடாக இருந்தது. இந்தச் சரித்திர ஆராய்ச்சி நீண்டுகொண்டே போனதில் ரொட்டி உறைந்து செங்கல்லாயிற்று.

கார் வந்தது. ஆர்செனி பிரபு இறங்கினார். மெலிந்த, நல்ல மனிதர். பசியோடு வந்திருந்தார். சவேலி “ஐயா, ஒரு விஷயம்...” என்று தொடங்குவதற்குள் ரொட்டியில் உப்பைத் தொட்டு, பேரரசின் முழுப் பலத்தோடு ஒரு கடி கடித்தார்.

‘டக்’ என்று ஒரு சத்தம். ரொட்டிக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆர்செனி பிரபுவின் பல்செட் இரண்டாகப் பிளந்து பனியில் விழுந்தது. பேரவை முழுவதும் பனியில் மண்டியிட்டுத் தேடியது.

ஐந்து நிமிஷத்தில் அவர் சவேலியின் நாற்காலியில் சாய்ந்திருந்தார். உடைந்ததை ஒட்ட அளவெடுப்பதற்காக, அச்சுமாவை வாய் நிறைய அப்பி, அது இறுகும்வரை வாயை அசைக்கக்கூடாது என்று சவேலி உத்தரவு போட்டிருந்தார். கதவோரம் பேரவை நெருக்கியடித்து நின்றது.

இளவரசருக்குப் பொறுக்கவில்லை. “மேன்மை தங்கிய ஐயா, இந்த மாளிகை விஷயமா ஒரு வார்த்தை...”

“ஊ... ஊம்... ஆஹ்ஹ்,” என்றார் மேன்மை தங்கிய ஐயா.

எல்லோரும் டாக்டரைப் பார்த்தார்கள். வாயில் மாவோடு பேசுகிறவர்களின் மொழி அந்த ஊரில் அவர் ஒருவருக்குத்தான் தெரியும். சவேலி கையைத் துடைத்துக்கொண்டார். முகம் பரம சாந்தமாக இருந்தது.

“மருத்துவமனை இங்கேயே இருக்கட்டும்னு சொல்றார்.”

“ஊஊம்!” என்றார் ஆர்செனி பிரபு, கண்ணை உருட்டி.

“வாசல்ல பனியையும் வாரச் சொல்றார்.”

பிற்பாடு பல்செட் ஒட்டப்பட்டு அவர் பேசத் தொடங்கியபோது முதலில் தேநீர் கேட்டார். அப்புறம் டாக்டரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். மாளிகையைப் பற்றி மறுபடி கேட்க யாருக்கும் துணிச்சல் வரவில்லை. பிரபு சொன்னது சொன்னதுதான். கிளம்பும்போது கப்பித்தோலினாவிடம், “அழகான காதும்மா,” என்றார். அவளுக்கு அது போதும்.

பேரவை நெகிழ்ந்துபோயிற்று. இப்பேர்ப்பட்ட டாக்டர் இன்னும் பண்ணையடிமையாக இருப்பது பேரரசுக்கே இழுக்கு என்று இளவரசரும் கூரி பிரபுவும் உணர்ந்தார்கள். இருவரும் கைகோத்து, சவேலியின் எள்ளுத்தாத்தா மேல் தத்தமக்குள்ள உரிமையை விட்டுக்கொடுக்க முன்வந்தார்கள். அடுத்த சனிக்கிழமையே சவேலிக்கு ‘விடுதலை’ வழங்கும் விழா. ஊதுகொம்பு முழங்கியது. சிலர் தங்கள் பெருந்தன்மையை நினைத்துத் தாங்களே கண்ணீர் விட்டார்கள்.

இளவரசர் பிரகடனத்தை வாசிக்க வாய் திறந்தபோது அவருடைய போன் அடித்தது. எண்ணைப் பார்த்ததும் விறைத்து எழுந்தார். அவரைப் பார்த்துச் சபை முழுவதும் எழுந்தது.

“ஆளுநர் ஆபீஸ் செக்ரட்டரிங்களா? ஆமாங்க... சரிங்க... ஞாயித்துக்கிழமை ஆளுநர் வர்றாருங்களா? பனி வார எல்லாரும் வந்துடுவோம்ங்க. மண்வாரியும் நாங்களே கொண்டு வந்துடுறோம்ங்க. கையசைக்க ஆளுங்களா? குடும்பத்தோட வந்து அசைக்கிறோம்ங்க... இல்லீங்க, யாரும் எதுவும் கேக்க மாட்டாங்க... ரொம்ப நன்றிங்க!”

பேசப் பேசக் குனிந்த இளவரசர் போன் அணைந்த பிறகும் நிமிரவில்லை. சபையும் குனிந்திருந்தது. கூரி பிரபுவின் கழுத்திலிருந்த பேரரசின் இரட்டைத் தலைக் கழுகுப் பதக்கம் தரையைத் தொட்டுத் தொங்கியது.

பிறகு நிமிர்ந்து, தொண்டையைச் செருமி, “சவேலி கோரித்தவ்! இன்று முதல் நீங்கள் சுதந்திர மனிதர்!” என்று முழங்கினார்.

சவேலி தொப்பியைக் கழற்றிச் சபைக்கு வணக்கம் சொன்னார்.

“ரொம்ப நன்றி, இளவரசே. ஆனா பண்ணையடிமை எங்களையெல்லாம் ஜார் மன்னர் 1861-லயே விட்டுட்டாரு. உங்களை எப்ப விடப்போறாங்களாம்?”