அப்பா களையெடுத்த ஆராய்ச்சி

என் முனைவர் பட்டத்தில் பாதி என் அப்பாவுக்குச் சேர வேண்டியது. பெருந்தன்மையில் சொல்கிறேன் என்று நினைத்துவிடாதீர்கள். மீதிப் பாதியை அவர் வேரோடு பிடுங்கி ஆட்டுக்குப் போட்டுவிட்டார்.

நான் படித்தது தாவரச் சூழலியல். எந்தச் செடி எங்கே முளைக்கிறது, பக்கத்தில் யாரை வாழவிடுகிறது, யாரை விரட்டுகிறது என்று உட்கார்ந்து பார்த்துக்கொண்டே இருப்பதுதான் எங்கள் வேலை. (எங்கள் தெருவில் பலர் மனிதர்களை வைத்து இதையே சம்பளமில்லாமல் செய்கிறார்கள்.) இப்போது கல்லூரியில் பாடம் நடத்துகிறேன். மாணவர்கள் என்னைப் பார்த்துப் பயப்படுவதாகக் கேள்வி. அன்றைக்குச் சித்தேரி மலையில் நான் முழித்த முழியை அவர்கள் பார்த்ததில்லை.

எங்களுக்குப் பாப்பிரெட்டிப்பட்டி பக்கம் நிலம். மஞ்சளும் மரவள்ளியும் போடுகிற குடும்பம். நாம் நடாத எதுவும் நம் நிலத்தில் நிற்கக் கூடாது என்பது அப்பாவின் கொள்கை. பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போதுகூட, நிழற்குடை ஓரம் முளைத்திருக்கும் பார்த்தீனியத்தைப் பிடுங்கிப் போட்டுவிட்டுத்தான் ஏறுவார். அவருக்குப் பெண்ணாகப் பிறந்து நான் எடுத்துக்கொண்ட ஆராய்ச்சி என்ன தெரியுமா? ஆடு மாடு மேயாமல் விட்டால் ஒரு தரிசு நிலத்தில் என்னென்ன செடிகள் திரும்பி வரும் என்பது.

சித்தேரியில் ஆடு வளர்க்கும் சின்னப்பொண்ணு அக்கா தன் தரிசில் ஒரு கல்யாணப் பந்தல் அளவுக்கு எனக்கு இடம் விட்டார். சுற்றிலும் முள்வேலி போட்டேன். உள்ளே குச்சி நட்டு, கயிறு கட்டி, கட்டம் கட்டமாகப் பிரித்தேன். மழைக்காலம் வந்தால் ஒவ்வொரு கட்டத்திலும் குந்தி உட்கார்ந்து, துத்தி எத்தனை, தும்பை எத்தனை, ஊசிப்புல் எத்தனை என்று எண்ணுவேன். சில வருடம் இப்படியே ஓடியது. கடைசி மழைக்கால எண்ணிக்கை ஒன்றுதான் பாக்கி. அதை முடித்தால் ஆய்வேட்டைக் கொடுத்துவிடலாம். உதவித்தொகையும் அதோடு தீர்ந்துவிடும்.

அந்தச் சமயத்தில்தான் என் ஆய்வை வழிநடத்திய எங்கள் கைடு, இடத்தை நேரில் பார்த்த பிறகே கையெழுத்துப் போடுவேன் என்றார். சிரித்தால் பல் கொட்டிவிடும் என்று யாரோ சின்ன வயதில் அவரைப் பயமுறுத்தியிருக்க வேண்டும். அவர் வரும்போது செடியெல்லாம் பூத்துக் குலுங்க, அவர் முன்னால் ஸ்டைலாகக் குந்தி எண்ணிக் காட்டலாம் என்று அந்த எண்ணிக்கையைத் தள்ளிப்போட்டேன். என் வாழ்க்கையில் நான் போட்ட திட்டங்களிலேயே இதுதான் உச்சம்.

முந்தின நாள் வீட்டுக்குப் போன் செய்து பெருமை அடித்தேன்.

"அப்பா, நாளைக்கு எங்க சார் வர்றாரு. என் நெலத்தப் பாக்கத்தான் வர்றாரு. அதப் பாத்துட்டுதான் எனக்கு டாக்டர் பட்டமே."

"அந்த நெலத்தயா?" என்றார் அப்பா. அம்மாவிடம் ஏதோ சொல்வது கேட்டது. பிறகு, "சரி பாப்பா, நீ தைரியமா இரு" என்றார்.

அவர் அந்த இடத்தை ஒருமுறை வந்து பார்த்திருந்தார். வேலிக்கு வெளியே நின்று தலையை ஆட்டிக்கொண்டு பேசாமல் போனார். மகளின் ஆராய்ச்சியைப் பார்த்து வாயடைத்துப்போனார் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை பொம்மிடி ஸ்டேஷனில் சாரை இறக்கி, வாடகைக் காரில் ஏற்றினேன். மலை ஏறும் வரை என் வாய் ஓயவில்லை. "சார், ஒரு ஆடுகூட உள்ள போனதில்லைங்க சார். இயற்கை தன்னைத்தானே எப்படிச் சரிசெஞ்சுக்குதுன்னு நீங்களே பாக்கப்போறீங்க." ஒரு வளைவில் அவர் கண்ணை மூடிக்கொண்டார். (மலைப்பாதைக்கா, எனக்கா என்று தெரியவில்லை.)

இறங்கிப் பார்த்தால் வேலி வாசலில் பெரிய கோலம். அதன் பக்கத்தில் கோலமாவுக் கிண்ணத்தோடு அம்மா. உள்ளே அப்பா, கையில் களைக்கொத்து, வேர்வை சொட்டும் முகத்தில் அப்படியொரு நிறைவு.

நிலம் பளிங்கு மாதிரி இருந்தது. ஒரு புல் இல்லை. துத்தி இல்லை, தும்பை இல்லை, மண்ணைத் தவிர எதுவுமே இல்லை. நடுவில் மட்டும் வீட்டிலிருந்து கொண்டுவந்த செம்பருத்தி ஒன்றை அழகுக்கு நட்டிருந்தார்கள்.

"வாங்க சார், வாங்க" என்று அப்பா கும்பிட்டார். "பாப்பா படிப்பு வேலையில களை எடுக்க முடியாம வுட்டுருச்சுங்க. தப்பா எடுத்துக்காதீங்க. மொத பஸ்ஸுக்கே வந்து சுத்தம் பண்ணிட்டோமுங்க. விவசாயி வூட்டுப் பொண்ணு நெலம், பெரிய மனுசங்க வர்றப்ப அப்பிடிக் கெடந்தா நல்லாருக்குங்களா?"

"குச்சியெல்லாம் பத்திரமா கட்டி வச்சிருக்கறன்டி" என்றார் அம்மா. நான் கட்டம் பிரித்த குச்சிகள், கயிறு சுற்றி, விறகுக்கட்டு போல ஓரமாக இருந்தன.

"செடியெல்லாம்... எங்கப்பா?" என்று வெறும் மண்ணைக் காட்டிக் கேட்டேன்.

"ஆட்டுக்குப் போட்டாச்சு. நல்லா தின்னுதுங்க."

சின்னப்பொண்ணு அக்கா என்னைப் பார்க்கவே இல்லை. "உங்கப்பாரே வந்து சொல்றப்ப நான் என்னாத்த சொல்றது?" என்று வேலி முள்ளிடம் முணுமுணுத்தார்.

எனக்கு அழுகை பொங்கிக்கொண்டு வந்தது. "பாத்தீங்களா சார், சந்தோசம் தாங்கல புள்ளைக்கு" என்று அப்பாவும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். உண்மையைக் கத்திவிடலாம் என்று வாயைத் திறந்தேன். அவர் உள்ளங்கையில் கொப்புளம் கிளம்பியிருந்தது. வாயை மூடிக்கொண்டேன்.

சார் நிலத்தைப் பார்த்தார். செம்பருத்தியைப் பார்த்தார். கோலத்தை மிதிக்காமல் சுற்றிப் போய் அப்பாவின் கையைப் பிடித்தார்.

"இவ்ளோ சுத்தமான ஆராய்ச்சி நெலத்த நான் பாத்ததே இல்லைங்க" என்றார்.

அம்மா கொடுத்த மோரை இரண்டு டம்ளர் குடித்தார். காரில் ஏறிக் கொஞ்ச தூரம் போனதும் அவர் தோள் குலுங்கியது. நெஞ்சுவலியோ என்று பதறிப்போனேன். மனிதர் சிரித்துக்கொண்டிருந்தார். பல் ஒன்றும் கொட்டவில்லை.

"அப்பாகிட்ட சொல்லாதம்மா" என்றார் கடைசியில். "விதையெல்லாம் மண்ணுலதான இருக்கு? அடுத்த மழை வரட்டும். எது திரும்பி வருதுன்னு எண்ணு. பழைய கணக்கு உன்கிட்ட இருக்கே."

அப்படித்தான் என் ஆராய்ச்சி நீண்டது. உதவித்தொகை நின்று, ஒரு டியூஷன் சென்டரில் பாடம் எடுத்துக் காலத்தை ஓட்டினேன். மழை பெய்ததும் மண் கீறிக்கொண்டு துத்தி வந்தது, ஊசிப்புல் வந்தது, முன்பு நான் பார்க்காத விஷ்ணுகிரந்தி நீலமாகப் பூத்தது. அதே வாரம் அப்பாவிடமிருந்து போனும் வந்தது: "மறுபடியும் மொளச்சிருச்சாமே பாப்பா, கெளம்பி வரட்டுமா?" ஆராய்ச்சி முழுவதிலும் கஷ்டமான பகுதி, அவரை மலைக்குக் கீழேயே பிடித்து வைத்ததுதான்.

வாய்மொழித் தேர்வுக்கு அப்பா கடைசி வரிசையில் வந்து உட்கார்ந்தார். களையெடுப்பதற்கு முன்னும் பின்னும் எடுத்த நிலத்தின் படங்களைத் திரையில் காட்டினேன். வெளியிலிருந்து வந்த தேர்வாளர் கேட்டார்: "ஒரு செடி விடாமல் இவ்வளவு துல்லியமாக நிலத்தைச் சுத்தம் செய்தது யார்?"

"எங்க அப்பா சார்" என்றேன். அப்பா எழுந்து சபைக்கே கும்பிடு போட்டார். எல்லோரும் கை தட்டினார்கள். எங்கள் கைடு கைக்குட்டையால் முகத்தை மூடிக்கொண்டார்.

ஊருக்குத் திரும்பும் பஸ்ஸில் அப்பா ஜன்னலைப் பார்த்தபடி மெதுவாகக் கேட்டார். "அந்தப் படத்துல முன்னாடி பச்சையா இருந்துச்சே. அதான் உன் படிப்பா பாப்பா?"

"ஆமாப்பா."

என் கையைப் பிடித்துக்கொண்டார். பாப்பிரெட்டிப்பட்டி வரும் வரை விடவில்லை.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் யாரும் எதையும் கேட்காமல் தூக்கிப்போடுவதில்லை. பழைய பேப்பர், கிழிந்த சட்டை, ஃபிரிட்ஜில் கெட்டுப்போன சாம்பார், எதுவானாலும் "இது களையா, படிப்பா?" என்று கேட்டாக வேண்டும். என் கணவர் கல்யாணமான புதிதில் கற்றுக்கொண்ட முதல் குடும்ப வசனம் இதுதான்.

போன வாரம் அப்பா எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். விடிந்து பார்த்தால் களைக்கொத்தோடு சாக்கடை ஓரத்தில் குந்தியிருக்கிறார். எதிரில் ஒரே ஒரு குப்பைமேனி.

"இது களையா, படிப்பா பாப்பா?"

"களைதாம்ப்பா. புடுங்குங்க."

அதை இப்படியும் அப்படியும் பார்த்தார். பிறகு களைக்கொத்தைக் கீழே வைத்துவிட்டுப் போய், ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து அதற்கு ஊற்றினார்.

"எதுக்கும் இருக்கட்டும்" என்றார்.