பென்டிரைவ் மாப்பிள்ளை

"கடை போர்டை அவுத்துடு ஜெயபாண்டி. சென்னையிலேருந்து ஆளு வந்து எறங்கியாச்சு."

டீக்கடை ஜமீல் பாய் இப்படி வந்து நின்றபோது, ஜெயபாண்டி ஒரு காதணி விழா பேனரில் தாய்மாமனுக்கு மீசை வரைந்துகொண்டிருந்தான்.

"என்ன ஆளு பாய்?"

"லைசென்ஸ் செக்கிங். திருட்டு சாப்ட்வேர் வெச்சிருக்கவனைத் தேடிப் பிடிக்கிறாகளாம். தேனிப் பக்கம் கடையவே பூட்டிட்டாகன்னு பேச்சு."

ஜெயபாண்டிக்குக் கை நின்றுபோனது. சிம்மக்கல் சந்துக்குள் பேனர் டிசைன் கடை வைத்திருக்கிறவன் அவன். கடையில் காசு கொடுத்து வாங்கியது கம்ப்யூட்டர் பெட்டி மட்டும்தான். உள்ளே இருக்கிற படம் வரையும் சாப்ட்வேர், எழுத்து வகைகள், பூ பார்டர் எல்லாம் பென்டிரைவில் வந்து இறங்கியவை.

இந்த லைசென்ஸ் சமாசாரம் லேசில் விளங்காது. பேனா வாங்கினால் பேனா நம்முடையது. இந்தச் சாப்ட்வேருக்கு வருசா வருசம் வாடகை கட்ட வேண்டுமாம். கட்டாவிட்டால் நாம் போட்ட கோடே நமக்குத் திறக்காதாம். கந்துவட்டிக்காரன்கூட வீட்டுப் பத்திரத்தோடு நிறுத்திக்கொள்வான், வாசலில் போட்ட கோலத்தைக் கேட்க மாட்டான். சரி, கட்டினால் என்ன கிடைக்கும் என்றால், வெக்டார் படம். எம்புட்டு இழுத்தாலும் உடையாது. வார்டு பிரமுகரின் மூஞ்சியை வரைந்து நாற்பதடிக்கு இழுத்தாலும் அப்படியே நிற்கும். அது ஊருக்கு நல்லதா என்று எந்தக் கம்பெனியும் சொல்வதில்லை.

வேறு நாளாக இருந்தால் ஜெயபாண்டி இவ்வளவு பயந்திருக்க மாட்டான். வெள்ளிக்கிழமை அவன் பெண் பார்க்கப் போக வேண்டும். கே.கே. நகர் பெண், பெயர் அங்கயற்கண்ணி. சென்னையில் கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை.

"ஊர் ஊராப் போயிப் பாக்குற வேலையாம். என்னத்தப் பாக்குதுன்னு நான் கேக்கல" என்று தரகர் பேயாண்டி சொல்லியிருந்தார். "இந்த வாரம் ஆபீஸ் வேலையா மதுரைக்குத்தான் வந்திருக்கு. அப்படியே பேசி முடிச்சுருவோம்."

போட்டோவைப் பார்த்த அன்றே ஜெயபாண்டி அவள் பெயரைச் சுற்றிப் பூக்கொடி வரைந்து வைத்துவிட்டான். பெண் வீட்டார் கேட்டது ஒன்றே ஒன்றுதான். மாப்பிள்ளைக்குச் சொந்தத் தொழில் இருக்க வேண்டும். கடையைப் பூட்டிவிட்டால் தொழில் ஏது, பெண் ஏது?

போர்டைக் கழற்ற ஏணியில் ஏறினான். கீழே இறங்குவதற்குள் அந்த ஆள் வந்துவிட்டார். முழுக்கைச் சட்டை, கையில் தோல் பை, சட்டைப் பையில் ரெண்டு பேனா.

"இது ஒங்க சொந்தக் கடையா தம்பி?"

"இல்லைங்க. நான் சும்மா ஏணியைப் பிடிச்சுக்கிட்டிருந்தேன்."

"ஏணி மேலே இருந்தீங்களே?"

"மேலே இருந்து பிடிச்சேன்."

அவர் உள்ளே எட்டிப் பார்த்தார். "ஓனர் யாரு?"

"துபாய்ல இருக்காரு."

"மாசம் என்ன வருமானம் வரும்?"

"வருமானமா? இங்க ஈதாங்க வருது."

"ஆனா நீங்க நல்லா டிசைன் போடுவீங்கன்னு சொன்னாங்களே?"

"எனக்கு நேர்கோடுகூட வராதுங்க."

அந்த நேரம் பார்த்து முனியாயி வந்தாள். மகளுக்குக் காது குத்துகிறவள் அவள்தான்.

"ஏப்பா ஜெயபாண்டி, எந்தம்பிக்கு மீசை வெச்சுட்டியா?"

"யாருக்கா நீங்க?"

"யாரா? அட்வான்ஸ் வாங்கையில அக்கா அக்கான்னு குழைஞ்ச வாயி, இன்னைக்கு யாருங்குது. கேட்டுக்கங்க அண்ணே, ஊரை ஏமாத்துறவன் இவன்" என்று அவள் அந்த ஆளிடமே முறையிட்டாள்.

நிலைமை கைமீறுவதைப் பார்த்த ஜமீல் பாய் டீக்கடையிலிருந்து ஓடிவந்தார். நல்ல மனுஷர். உதவி என்று இறங்கினால் முழுசாகத்தான் இறங்குவார்.

"சார், இவனை எதுவும் கேக்காதீக. எங்கடையில கிளாஸ் கழுவுற பய. பொழுது சாஞ்சா நிதானத்துல இருக்கமாட்டான். பாவம்னு வெச்சிருக்கேன்."

அந்த ஆள் பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். "நல்லவேளை, நேர்ல வந்து பாத்தேன்" என்று சொல்லிவிட்டு, பாய் நீட்டிய டீயைக்கூட வாங்காமல் போய்விட்டார்.

"தப்பிச்சோம்ல?" என்றார் பாய்.

தப்பித்த சந்தோசத்தில் ஜெயபாண்டி தாய்மாமனுக்கு மறு பக்க மீசையையும் வரைந்து முடித்தான். அப்போது பேயாண்டி போனில் வந்தார்.

"ஏன்டா, நீ கிளாஸ் கழுவுற குடிகாரனாமே? சொந்தமா ஏணிகூட இல்லையாமே?"

"யாருண்ணே சொன்னது?"

"ஒங்கடைக்கு வந்தாருல்ல, அழகுபாண்டி. பொண்ணுக்குத் தாய்மாமன். சொல்லாம வந்து விசாரிக்கிறதுதானடா முறை. சம்பந்தம் வேண்டாம்னுட்டாக."

ஜெயபாண்டி திரையைப் பார்த்தான். அதில் இருந்த தாய்மாமன் புது மீசையோடு சிரித்துக்கொண்டிருந்தார்.

"பாய், வண்டியை எடுங்க. நேராப் போயி உண்மையைச் சொல்லிருவோம்."

"நம்புவாகளா?"

"கம்ப்யூட்டரையே கொண்டுபோயிக் காட்டுறேன்."

ஜமீல் பாய் வண்டியை ஓட்ட, ஜெயபாண்டி பின்னால் கம்ப்யூட்டர் பெட்டியைப் பச்சைப் பிள்ளை மாதிரி மடியில் வைத்துக்கொண்டு கே.கே. நகர் போய்ச் சேர்ந்தான். கதவைத் திறந்தது பெண்ணின் அம்மா தங்கப்பொண்ணு. அவளுக்குப் பின்னால் அழகுபாண்டி நின்றார்.

"வாங்க தம்பி. இங்க கழுவுறதுக்கு கிளாஸ் ஒண்ணும் இல்லையே."

"எல்லாம் பொய்யிங்க மாமா. கடை என்னோடது. பாருங்க."

அவர்கள் வீட்டு டி.வி.யிலேயே கம்ப்யூட்டரை மாட்டினான். பேனர், கல்யாணப் பத்திரிகை, கடை போர்டு என்று வரிசையாகத் திறந்தான். கடைசியில் பூக்கொடிக்கு நடுவே அங்கயற்கண்ணி என்ற பெயர் டி.வி. முழுக்க விரிந்தது. பெரிதாக்கிக் காட்டினான். உடையவே இல்லை. அடுப்படிப் பக்கம் வளையல் சத்தம் கேட்டது. தங்கப்பொண்ணுக்கு முகம் மலர்ந்துவிட்டது.

"இம்புட்டுத் திறமைய வெச்சிக்கிட்டுக் கடையில ஏன் தம்பி அப்படிப் பேசுனீங்க?" என்றார் அழகுபாண்டி.

இனி ஒளிப்பதற்கு என்ன இருக்கிறது? "ஒங்களை லைசென்ஸ் செக்கிங் ஆளுன்னு நெனச்சுட்டேன் மாமா. இதுக்குள்ள இருக்க எதுக்குமே லைசென்ஸ் கிடையாது. எல்லாம் பென்டிரைவ்ல ஏத்துனது."

மாப்பிள்ளையின் பெருமை பாதியில் நிற்கிறதே என்று பாய்க்குப் பொறுக்கவில்லை. "இவன் மட்டுமா? மாட்டுத்தாவணியிலேருந்து திருப்பரங்குன்றம் வரைக்கும் முக்காவாசிக் கடைக்கு ஏத்திக் குடுத்ததே இவன்தான். அம்புட்டு மூளை."

அழகுபாண்டி தங்கப்பொண்ணைப் பார்த்தார். தங்கப்பொண்ணு அழகுபாண்டியைப் பார்த்தாள். உண்மை பேசினால் இப்படித்தான் வாயடைத்துப் போவார்கள் என்று ஜெயபாண்டி நிமிர்ந்து உட்கார்ந்தான்.

தங்கப்பொண்ணு அடுப்படிப் பக்கம் திரும்பி மகளுக்குக் குரல் கொடுத்தாள்.

"கயலு, காப்பியை அங்கேயே வெச்சிட்டு ஒன் ஆபீஸ் பையை எடுத்துட்டு வாத்தா. நாளைக்குச் சிம்மக்கல்ல போயிப் பிடிக்கணும்னியே, அந்த ஆளு கம்ப்யூட்டரோட நம்ம வீட்டுக்கே வந்துட்டாரு."